நோய் பேசுமா?

துன்பம் வந்தவுடன் மனிதன் வாயிலிருந்து பிறக்கும் முதற்சொல் "ஏன்?" என்பது. காய்ச்சலில் துவளும் குழந்தையின் தலைமாட்டில் அமர்ந்திருக்கும் தாயும் அதைத்தான் கேட்கிறாள். ஊர் பாதி அழியக் கண்ட கிழவனும் அதைத்தான் கேட்கிறான். கேள்வி சிறியது. ஆயினும் அதனுள்ளே இரு கேள்விகள் ஒளிந்து கிடக்கின்றன. ஒன்று, "எதனால் வந்தது?" மற்றொன்று, "எதற்காக வந்தது?"

எதனால் என்று கேட்பவன் நீரைப் பார்க்கிறான், காற்றைப் பார்க்கிறான், நோயாளியின் உடலைப் பார்க்கிறான். எதற்காக என்று கேட்பவன் வானத்தைப் பார்க்கிறான்; பிறகு மெல்லத் திரும்பி அண்டை வீட்டைப் பார்க்கிறான். முதற் கேள்விக்கு விடை, காரணம். இரண்டாவதற்கு விடை, குற்றம். காரணத்தைக் கண்டவன் அதை நீக்க முயல்வான். குற்றம் என்று முடிவு கட்டியவனோ குற்றவாளியைத் தேடிப் புறப்படுவான்.

இவ்விரு கேள்விகளில் எதை முன்னே நிறுத்துவது என்பதில் ஒரு சமுதாயத்தின் அறமே அடங்கியிருக்கிறது என்பது நம் கருத்து. வெறும் கருத்தாகச் சொல்லிவிட்டுப் போக நாம் விரும்பவில்லை. நடந்த வரலாறு ஒன்றைக் காட்டி, அதைக் கொண்டு எடைபோட விரும்புகிறோம். அதற்காக வாசகர்களைப் பதினேழாம் நூற்றாண்டின் வட அமெரிக்கக் கடற்கரைக்கு, ஆங்கிலேயர் குடியேறி 'நியூ இங்கிலாந்து' என்று பெயர் சூட்டிய மண்ணுக்கு அழைத்துச் செல்கிறோம். ஏன் அந்த மண்? அங்கே குடியேறியவர்கள் கடவுட்பற்று மிக்கவர்கள், கற்றவர்கள், எதையும் எழுதிவைக்கும் பழக்கம் உடையவர்கள். தங்களுக்கு நோய் வந்தபோது என்ன எண்ணினர், பிறருக்கு வந்தபோது என்ன எண்ணினர் என்பதை அவர்களே நமக்காகப் பதிந்து வைத்துவிட்டுப் போயிருக்கின்றனர்.

1616 முதல் 1619 வரை அந்தக் கடற்கரையில் கொள்ளைநோய் ஒன்று பரவிற்று. மீன்பிடிக்கவும் வாணிகம் செய்யவும் வந்த ஐரோப்பியக் கப்பல்களோடு வந்திறங்கிய நோய் அது. அங்கே காலங்காலமாக வாழ்ந்துவந்த மக்களின் உடல் அதற்கு முன் அந்நோயை அறிந்ததில்லை. எதிர்த்து நிற்கும் ஆற்றலும் அதற்கில்லை. ஊர் ஊராக மாண்டனர். புதைப்பதற்கும் ஆளில்லாமல் எலும்புகள் வெட்டவெளியில் கிடந்தன. பட்டுக்செட் என்பது அத்தகைய ஊர்களில் ஒன்று. அவ்வூரைச் சேர்ந்த டிஸ்குவாண்டம் என்பவனை, 1614-இல் ஓர் ஆங்கிலக் கப்பல் தலைவன் வஞ்சகமாகப் பிடித்துச் சென்று ஸ்பெயின் நாட்டில் அடிமையாக விற்றான். அவன் எவ்வாறோ தப்பி, லண்டன் சேர்ந்து, ஆங்கிலம் கற்று, கடல் கடந்து 1619-இல் பிறந்த மண்ணுக்குத் திரும்பினான். திரும்பியவனை வரவேற்க ஊரில் ஒருவரும் இல்லை. விளைநிலம் இருந்தது, உழைத்தவர் இல்லை. அடிமையாக்கிய கொடுமையே அவன் உயிரைக் காத்தது என்று சொல்லுமளவுக்கு அழிவு முற்றாக இருந்தது.

அடுத்த ஆண்டு, 1620 டிசம்பரில், 'மேபிளவர்' கப்பலில் வந்த ஆங்கிலேயர் அதே வெறுமையான ஊரில்தான் குடியேறினர். பிளிமத் என்று பெயரிட்டனர். மரங்கள் வெட்டப்பட்டு, மண் பண்படுத்தப்பட்டுத் தயாராக இருந்தது. அதே ஆண்டு இங்கிலாந்தின் மன்னர் முதலாம் ஜேம்ஸ் வழங்கிய பட்டயத்திலேயே, இறைவன் அனுப்பிய கொள்ளைநோயால் அந்நிலப்பரப்பு ஆளற்றுப் போயிற்று என்பது, அதைக் குடியேற்றத்திற்குக் கொடுப்பதற்கான காரணங்களுள் ஒன்றாகக் காட்டப்பட்டது. நோய், நிலப்பத்திரம் ஆயிற்று!

சரி, அந்த இறைவன் குடியேறியவர்களை மட்டும் தொடாமல் விட்டாரா? இல்லை. கப்பலில் வந்த 102 பேரில் ஏறத்தாழப் பாதிப்பேர் முதற் குளிர்காலத்திலேயே மாண்டனர். நலமாக நடமாடியவர்கள் ஆறேழு பேர்தான் என்னும் நிலை வந்தபோது, அந்த ஆறேழு பேர் மற்றவர்களுக்கு நெருப்பு மூட்டி, உணவு சமைத்து, அழுக்குத் துணிகளைத் துவைத்து, முகங் கோணாமல் பணிவிடை செய்தனர் என்று அவர்களின் தலைவர் வில்லியம் பிராட்போர்டு எழுதிவைத்தார். உயர்ந்த செயல்; அதை நாம் மதிக்கிறோம். ஆனால் ஒன்றை எண்ணிப் பார்க்க வேண்டும். பழங்குடியினர் மாண்டபோது அது நிலத்தைக் காலி செய்து கொடுத்த இறையருள். தாங்கள் மாண்டபோது அது தங்கள் நம்பிக்கையைப் புடம்போட வந்த சோதனை. இரண்டுமே சாவுதான். ஒரே கடற்கரையில், சில ஆண்டு இடைவெளியில் நிகழ்ந்த சாவு. சாவு மாறவில்லை, அதற்குப் பொருள் உரைத்தவரின் வசதிக்கேற்ப உரை மாறிற்று.

இது ஒருமுறை நேர்ந்த தடுமாற்றம் என்று விட்டுவிட முடியாது. 1633-இலும் 1634-இலும் பெரியம்மை அப்பகுதி முழுவதும் பரவிப் பழங்குடியினரை மீண்டும் வாரிக்கொண்டு போயிற்று. மாசசூசெட்ஸ் குடியேற்றத்தின் ஆளுநர் ஜான் விந்திராப், அப்பகுதிப் பழங்குடியினர் ஏறக்குறைய அனைவரும் அம்மையில் மாண்டுவிட்டனர், ஆகவே இந்நிலத்தின்மீது நமக்குள்ள உரிமையை ஆண்டவனே தெளிவாக்கிவிட்டான் என்னும் பொருள்பட 1634-இல் இங்கிலாந்துக்குக் கடிதம் எழுதினார். விந்திராப் கொடியவர் அல்லர். சட்டம் பயின்றவர், தம் மக்களிடம் அன்புடையவர், நாடோறும் தொழுபவர். அதனால்தான் அவர் எழுதியது நம்மை அச்சுறுத்துகிறது. நல்லவர் ஒருவர், அழுகையொலி காதில் விழும் தொலைவிலேயே அமர்ந்துகொண்டு, அந்த அழுகையைத் தமக்கு வந்த உரிமைச் சீட்டாகப் படிக்க முடிந்தது. "எதற்காக?" என்னும் கேள்வி அவருக்கு அந்த வசதியைக் கொடுத்தது.

அதே 1633-இல் அதே குடியேற்றத்தில் சாமுவேல் மாவரிக் என்றொருவர் இருந்தார். அம்மை கண்ட பழங்குடியினரின் குடிசைகளுக்குள் அவரும் அவர் மனைவியும் வேலைக்காரர்களும் சென்றனர், இருந்தவர்க்கு உணவும் நீரும் கொடுத்தனர், இறந்தவரைப் புதைத்தனர், ஒரே நாளில் முப்பது பேருக்கு மேல் புதைத்தார் என்பர். தாய்தந்தையரை இழந்த குழந்தைகளைத் தம் வீட்டுக்கு எடுத்துச் சென்றார். இதை எழுதிவைத்தவரும் விந்திராப்தான், தம் நாட்குறிப்பில். அதே வேதம், அதே கடவுள், அதே அம்மை. ஒருவர் விளக்கம் எழுதினார். மற்றவர் தண்ணீர் கொடுத்தார். ஆகவே, நம்பிக்கை உடையவர் எல்லாம் கல்நெஞ்சர் என்று நாம் சொல்லவில்லை. துன்பத்தின் பொருளை உரைக்க முற்படுகிறவனுக்கும் துன்பத்தைத் துடைக்க முற்படுகிறவனுக்கும் உள்ள இடைவெளியைத்தான் சுட்டுகிறோம்.

பழங்குடி மக்கள் இந்த அழிவுக்கு என்ன பொருள் கண்டனர்? அவர்களிடமும் மந்திரவாதியர் இருந்தனர். நோயாளியின் பக்கத்தில் இரவெல்லாம் பாடிப் பேயோட்டுவர். புதிய நோய்களுக்கு முன் அந்தப் பாட்டு பயன்படவில்லை. ஆங்கிலேயர் பெரும்பாலும் பிழைத்தனர்; தம்மவர் பெரும்பாலும் மாண்டனர். ஆகவே அவர்கள் கடவுள் வலியவர் என்னும் எண்ணம் பரவிற்று. டிஸ்குவாண்டமே, ஆங்கிலேயர் கொள்ளைநோயை மண்ணுக்கடியில் புதைத்து வைத்திருக்கின்றனர், வேண்டும்போது அவிழ்த்துவிடுவர் என்று சொல்லித் தன் இனத்தாரை அச்சுறுத்திச் செல்வாக்குத் தேடிக்கொண்டான் என்று பிளிமத் ஏடுகள் கூறுகின்றன. 1622-இல் அவனும் காய்ச்சலில் மாண்டான். 1640-களில் மார்த்தாஸ் விண்யார்டு என்னும் தீவில் ஹையாக்கூம்ஸ் என்பவர் முதலில் கிறித்தவரானார். நோய் பரவியபோது அவரும் அவரைச் சார்ந்தவரும் குறைவாகவே துன்புற்றனர் என்று கண்டு, ஏளனம் செய்தவர்களே அவரிடம் வந்து அவர் கடவுளைப் பற்றிக் கேட்டனர்.

உடல் எதிர்ப்பாற்றலைப் பற்றி அறியாத காலத்தில், பிழைத்தவனின் கடவுளே மெய்க்கடவுள் ஆகிவிட்டார். ஒரு மக்களினத்தின் சமயம் சொற்போரில் தோற்று மாறவில்லை, சுடுகாட்டில் மாறிற்று. "எதற்காக?" என்னும் கேள்விக்கு விடை சொல்லும் உரிமை எப்போதும் பிழைத்தவன் கைக்கே போகிறது. மாண்டவன் மறுப்புரை எழுத வருவதில்லை.

இனிக் குடியேறியவர்களின் வீட்டுக்குள் செல்வோம். அம்மை, தட்டம்மை, தொண்டை அடைப்பான், காய்ச்சல் என்று நோய் அவர்களையும் மாறிமாறித் தாக்கிற்று. ஒவ்வொரு முறையும் ஆட்சியினர் நோன்புநாள் அறிவிப்பர். கடை அடைத்து, உண்ணாமல், கோயிலில் கூடித் தங்கள் பாவங்களை நினைந்து அழுவர். ஓய்வுநாளை மீறியதாலா, குடித்ததாலா, ஆடம்பர ஆடை அணிந்ததாலா, எதனால் ஆண்டவன் சினந்தான் என்று பாதிரிமார் பட்டியலிடுவர். நோய் தணிந்தால் நன்றிநாள். மீண்டும் வந்தால் மீண்டும் நோன்பு.

இருந்தும் அந்தச் சமுதாயத்திற்குள்ளேயே மற்றொரு கேள்வி முளைவிட்டுக்கொண்டிருந்தது. 1678-இல் தாமஸ் தாச்சர் என்னும் பாதிரியார், அம்மையும் தட்டம்மையும் கண்டவரை எவ்வாறு பேணவேண்டும் என்று பொதுமக்களுக்காக ஒரே தாளில் அச்சிட்டு வெளியிட்டார். அந்தக் குடியேற்றங்களில் அச்சான முதல் மருத்துவ வெளியீடு என்று அதைச் சொல்வர். நோயாளியை அளவுக்கு மீறிப் போர்த்தி வேகவைக்காதீர், கண்ட கண்ட மருந்தைத் திணிக்காதீர், இயற்கை தன் வேலையைச் செய்ய இடங்கொடுங்கள் என்பதே அதன் சாரம். மேடையில் "எதற்காக?" என்று முழங்கிய சமயத்தின் வாயிலிருந்தே, நோயாளியின் கட்டிலருகே "என்ன செய்யலாம்?" என்னும் மெல்லிய குரலும் எழுந்தது. ஆனால் அந்தக் குரல் வலுப்பெறுமுன் பெருங்கேடு ஒன்று நேர்ந்துவிட்டது.

1692-இன் தொடக்கத்தில் சேலம் என்னும் சிற்றூரில் (நம் சேலம் அல்ல, பெயர்தான் ஒன்று) பாதிரியார் சாமுவேல் பாரிஸ் வீட்டில் இரு சிறுமியர்க்கு நோய் கண்டது. உடல் முறுக்கிக்கொள்ளும், அலறுவர், கண்ணுக்குத் தெரியாத எவரோ கிள்ளுவதாகவும் குத்துவதாகவும் கதறுவர். வந்து பார்த்த மருத்துவர் தம் கல்வியில் அதற்கு விடை காணாமல், இது சூனியக்காரியின் கைவரிசை என்றார். அவ்வளவுதான். "எதனால்?" என்னும் கதவு அடைபட்டது, "எதற்காக?" என்பதும் போய், "யாரால்?" என்னும் கதவு திறந்தது. முதலில் சுட்டிக்காட்டப்பட்டவர் யார்? அந்த வீட்டில் அடிமையாக இருந்த டிட்யூபா என்னும் பெண், பிச்சையெடுத்துப் பிழைத்த ஒருத்தி, கோயிலுக்கு வராமல் நோயில் கிடந்த ஒரு முதியவள். குற்றவாளி வேண்டும் என்று தேடும் விரல் எப்போதும் தனக்கெனப் பேச ஆளில்லாதவரையே முதலில் தொடும்.

பிறகு அந்த விரல் எல்லோரையும் தொட்டது. நூற்றைம்பதுக்கு மேற்பட்டோர்மீது குற்றச்சாட்டு. 19 பேர் தூக்கிலிடப்பட்டனர். அவர்களில் 14 பேர் பெண்கள். முதியவர் கைல்ஸ் கோரி, குற்றச்சாட்டுக்குப் பதிலுரைக்க மறுத்ததால் நெஞ்சின்மேல் கல்லேற்றிக் கொல்லப்பட்டார். குறைந்தது ஐவர் சிறையிலேயே மாண்டனர். சிறுமியர் இருவரின் நோயால் ஓர் உயிரும் போகவில்லை. அந்த நோய்க்கு உரைத்த பொருளால் இருபத்தைந்து உயிர்கள் போயின! அங்கே நீதிபதியாக அமர்ந்தவர்களுள் ஒருவரான சாமுவேல் சூவல், 1697 சனவரியில், கோயிலில் எல்லோர் முன்னும் எழுந்து நின்று, தம் குற்ற ஒப்புதலைப் பாதிரியார் படிக்கத் தலைகுனிந்தார். அந்தத் துணிவைப் போற்றுகிறோம். எனினும் தூக்குக் கயிறு அவிழ்ந்து மூச்சு மீளவில்லை.

அன்று சூனியம் உண்டென்று நூல் எழுதி, அந்த நீதிமன்றத்துக்காகப் பரிந்து பேசியவர்களுள் முதன்மையானவர் பாஸ்டன் நகரப் பாதிரியார் காட்டன் மாதர். இவர் பெயரை வாசகர்கள் நினைவில் நிறுத்த வேண்டும். இக்கதையின் திருப்பம் இவரிடமே இருக்கிறது.

1713-இன் இறுதியில் தட்டம்மை பாஸ்டனில் புகுந்தது. சின்னாட்களுக்குள் மாதரின் மனைவி, பிறந்த இரட்டைக் குழந்தைகள், இரண்டு வயது மகள், வீட்டுப் பணிப்பெண் ஆகிய ஐவரும் போயினர். அவருக்குப் பிறந்த பதினைந்து மக்களில் அவருக்குப் பின்னும் வாழ்ந்தவர் இருவரே. ஐந்து சாவு கண்ட அந்த வீட்டிலிருந்து அவர் வெளியிட்டது சாபமா? இல்லை, தட்டம்மை கண்டவரை எவ்வாறு பேணுவது என்னும் சிறு வழிகாட்டி. துயரம் அவரைத் தாச்சரின் வழியில் திருப்பிற்று.

அவர் வீட்டில் ஒனேசிமஸ் என்னும் ஆப்பிரிக்கர் ஒருவர் அடிமையாக இருந்தார். 1706-இல் கோயில் சபையார் மாதருக்குப் பரிசாக வாங்கிக் கொடுத்த மனிதர்! பெற்றோர் இட்ட பெயர் ஏட்டில் இல்லை. ஒனேசிமஸ் என்பது மாதர் வேதத்திலிருந்து எடுத்துச் சூட்டிய பெயர். உனக்கு அம்மை கண்டதுண்டா என்று மாதர் ஒருநாள் கேட்டார். ஆம் என்றும் சொல்லலாம், இல்லை என்றும் சொல்லலாம் என்றார் ஒனேசிமஸ். பிறகு விளக்கினார்: தம் நாட்டில் அம்மைக் கொப்புளத்தின் நீரைச் சிறிது எடுத்து, நலமாயிருப்பவரின் தோலைக் கீறி உள்ளே ஏற்றுவர், சிறிதளவு அம்மை கண்டு ஆறிவிடும், பிறகு வாழ்நாள் முழுதும் அண்டாது. கையிலிருந்த தழும்பையும் காட்டினார். மாதர் மற்ற ஆப்பிரிக்கரையும் வினவினார்; ஒன்றுபோலவே சொன்னார்கள். துருக்கியில் இம்முறை வழங்குவது பற்றி லண்டன் அறிவியற் கழகத்து ஏட்டில் வந்ததையும் படித்தார். 1716-இல் லண்டனுக்கு இதைப் பற்றி எழுதினார். அடுத்த முறை அம்மை வந்தால் செய்துபார்ப்பது என்று முடிவு செய்தார்.

1721 ஏப்ரலில் மேற்கிந்தியத் தீவுகளிலிருந்து வந்த கப்பலொன்று பாஸ்டனுக்கு அம்மையைக் கொண்டுவந்தது. மாதர் நகர மருத்துவர்களுக்கெல்லாம் மடல் விடுத்தார். முன்வந்தவர் ஒருவரே: சாப்டியல் பாய்ல்ஸ்டன். சூன் 26-ஆம் நாள் அவர் தம் ஆறு வயது மகனுக்கும், தம் அடிமைகள் இருவருக்கும் அம்மை ஏற்றினார். மகனுக்காவது தந்தையின் கண்ணீர் துணை. அடிமைகளிடம் இசைவு கேட்டதாக எந்தக் குறிப்பும் கூறவில்லை. நல்ல செயலின் நடுவிலும் அந்தக் கறை இருக்கிறது. மறைக்க மாட்டோம்.

நகரம் கொதித்தெழுந்தது. நலமாயிருப்பவனுக்கு வேண்டுமென்றே நோய் தருவது கொலைக்கு ஒப்பாகும் என்றனர். ஆண்டவன் அனுப்பும் நோயை மனிதன் முந்திக்கொண்டு வரவழைப்பது அவன் ஆணையில் தலையிடுவது என்றனர். அடுத்த ஆண்டு லண்டனில் எட்மண்ட் மாசி என்னும் பாதிரியார், நோய்கள் சோதனைக்காகவும் தண்டனைக்காகவும் அனுப்பப்படுபவை, அவற்றைத் தடுப்பது பாவம் என்று மேடையேறி முழங்கினார். நோயின் அச்சம் நீங்கினால் மக்கள் ஒழுக்கம் கெடுவர் என்பது அவர் கவலை. மனிதன் நல்லவனாயிருக்கக் குழந்தைகள் சாக வேண்டுமாம்!

ஆனால், இதைச் சமயத்துக்கும் அறிவுக்கும் நடந்த போர் என்று எளிதாக எழுதிவிட வரலாறு இடந்தரவில்லை. பாஸ்டனில் இம்முறைக்கு ஆதரவாக நின்றவர்கள் பாதிரிமார் பலர். எதிர்த்தவர்களுக்குத் தலைமை தாங்கியவரோ, அந்நகரில் மருத்துவப் பட்டம் பெற்றிருந்த ஒரே மருத்துவரான வில்லியம் டக்ளஸ். அம்மை ஏற்றப்பட்டவர் வழியாக நோய் மற்றவருக்குப் பரவும் என்று அவர் சொன்னதில் உண்மை இருந்தது. ஆனால், ஆப்பிரிக்கர் சொல்லை நம்புவதா என்று எள்ளி நகையாடியதில் உண்மை ஏது? பட்டம் பெற்றவரும் சொன்னவன் யார் என்று பார்த்தாரே ஒழிய, சொன்னது மெய்யா என்று பார்க்கவில்லை. பின்னாளில் அவரே தம் எதிர்ப்பைத் தளர்த்திக்கொண்டார். "எதனால்?" என்று கேட்கத் துணிவதற்கு அங்கி தடையுமன்று, பட்டம் உறுதியுமன்று. எவரிடமிருந்து வந்தாலும் மெய்யை ஏற்கும் பணிவு வேண்டும்.

நவம்பரில் ஒருநாள் இரவு மாதரின் வீட்டுச் சன்னல் வழியே வெடிகுண்டு வீசப்பட்டது; திரி கழன்று விழுந்ததால் வெடிக்கவில்லை. அவர் தம் மகன் சாமுவேலுக்கு அம்மை ஏற்றலாமா என்று அஞ்சி அஞ்சி, பிறகு ஏற்றினார். மகன் மிக நலிந்து, பின் பிழைத்தான்.

நோய் ஓய்ந்தபோது கணக்கெடுத்தனர். ஏறத்தாழ 11,000 பேர் வாழ்ந்த நகரில் 5,889 பேருக்கு இயல்பாக அம்மை கண்டிருந்தது. 844 பேர் மாண்டனர். நூற்றுக்குப் பதினால்வர். பாய்ல்ஸ்டன் அம்மை ஏற்றியவர்கள் ஏறத்தாழ 240 பேர். மாண்டவர் 6 பேர். நூற்றுக்கு இருவர் அல்லது மூவர். 1726-இல் லண்டனில் வெளியிட்ட நூலில் அவர் இந்தக் கணக்கை, தம் கையில் மாண்டவர்களையும் மறைக்காமல், எழுதிவைத்தார்.

இந்தக் கணக்கைப் பாருங்கள். நூறாண்டு நோன்பும் நூறாண்டு விளக்கமும் சொல்லாத ஒன்றை இது சொல்லிற்று. எண்ணிப் பார்ப்பது என்னும் தமிழ்ச் சொல்லுக்குச் சிந்திப்பது என்றும் பொருள், கணக்கிடுவது என்றும் பொருள். பாவி யார், புண்ணியவான் யார் என்று பாராமல், ஒவ்வோர் உயிரையும் ஒன்று என்றே எண்ணும் அந்தக் கணக்கில் ஓர் அறம் இருக்கிறது. பிறர் சாவை நிலப்பத்திரமாகப் படித்த கண்ணுக்கு அந்த அறம் எட்டவில்லை.

ஆனால் கணக்கும் தானே வேலை செய்யாது. மனிதன் துணிய வேண்டும். 1721-இல் அம்மை ஏற்றுவதை எதிர்த்து எழுதிய இதழ், ஜேம்ஸ் பிராங்க்லின் என்பவருடையது. அதில் அச்சுத்தொழில் பயின்ற அவர் தம்பி பெஞ்சமின், பின்னாளில் உலகறிந்த அறிஞரானார். இம்முறையை ஆதரிக்கவும் செய்தார். எனினும் தம் நான்கு வயது மகனுக்கு அதைச் செய்யாமலிருந்துவிட்டார். 1736-இல் அந்தக் குழந்தை அம்மையில் மாண்டது. அதைத் தடுத்திருக்கலாமே என்னும் துயரைத் தம் வாழ்க்கை வரலாற்றில் அவர் எழுதினார். மற்றப் பெற்றோர் அறிந்துகொள்ளட்டும் என்பதற்காக எழுதினார். அவர் ஆண்டவனையும் பழிக்கவில்லை, அண்டை வீட்டாரையும் பழிக்கவில்லை.

இந்த நோய் நமக்கும் அயலானதன்று. அதே அம்மைதான் நம் ஊர்களிலும் ஆடிற்று. நாம் அதைத் தண்டனை என்பதைவிடத் தாய் என்றே அழைத்தோம். அம்மை வார்த்திருக்கிறது என்றோம். வாசலில் வேப்பிலை செருகினோம். நோயாளியைப் பாவி என்று ஒதுக்காத ஒரு கனிவு அந்தச் சொல்லில் உண்டு, மறுக்கவில்லை. ஆயினும் வந்தவள் தாயென்றால், அவளைத் தடுக்க ஊசி குத்திக்கொள்வது குற்றமாகாதா என்று நம்மவரும் அஞ்சினர். பாஸ்டன் நகரத்தார் கேட்ட கேள்வியேதான். மருந்துக்கென ஓர் அதிகாரம் வகுத்த வள்ளுவர், அதில் நோய் எவர் பாவத்தின் கூலி என்று கேட்கவில்லை. நோயையும் அதன் மூலத்தையும் நாடச் சொன்னார். 1796-இல் ஜென்னர் கண்ட பசு அம்மைப்பால் முறை உலகெங்கும் பரவிற்று. இந்தியாவில் 1975-க்குப் பிறகு பெரியம்மை இல்லை. 1980-இல் உலகத்திலேயே இல்லை என்று உலக நல நிறுவனம் அறிவித்தது. எந்தத் தெய்வமும் அதற்காகச் சினந்ததாகத் தெரியவில்லை.

ஒரு வினா எழக்கூடும். துன்பத்தில் கிடப்பவனுக்குக் காரணம் மட்டும் போதுமா? கிருமியின் பெயரைச் சொன்னால் பிள்ளையை இழந்தவள் தேறுவாளா? தேறமாட்டாள். தன் துயரத்தைச் சுமக்க அவளுக்கு ஒரு பொருள் வேண்டும். அதை அவள் தொழுகையில் காணலாம், தொண்டில் காணலாம், அழுது தீர்த்தும் காணலாம். தன் துன்பத்துக்குப் பொருள் காணும் உரிமை துன்புறுகிறவனுக்கு உண்டு. அதைப் பறிக்க நாம் யார்? நாம் மறுப்பது மற்றோர் உரிமையை: நலமாயிருப்பவன், படுத்துக் கிடப்பவனைப் பார்த்து, உன் துன்பத்தின் பொருள் இது என்று தீர்ப்புரைக்கும் உரிமையை. விந்திராப் உரைத்தது அத்தகைய தீர்ப்பு. சேலம் நீதிமன்றம் உரைத்ததும் அது. மாசி மேடையேறி முழங்கியதும் அதுவே.

நோய் பேசுவதில்லை. பேசுகிறவர்கள் நாம். அதன் வாயில் நாம் வைக்கும் சொல், நம் ஆசையையும் அச்சத்தையும் பகையையும் காட்டுமேயன்றி, நோயாளியின் குற்றத்தைக் காட்டாது. ஆகவே அடுத்த முறை ஒரு கொள்ளைநோயோ, ஒரு வெள்ளமோ, ஒரு வீட்டில் ஒரு துயரமோ நேரும்போது, "இது எதற்காக வந்தது தெரியுமா?" என்று ஒருவர் தொடங்கினால், அவரிடம் அமைதியாகக் கேட்போம்: "ஐயா, அந்த வீட்டாருக்குத் தண்ணீர் கொடுத்தாயிற்றா?"